கச்சதீவுக்குப் போன ஜனாதிபதிக்கு, இரணைதீவைப் பற்றி ஒரு திறந்த மடல்

மாண்புமிகு ஜனாதிபதி அநுர குமார திசாநாயக்க அவர்களுக்கு,

2025 செப்டெம்பர் 1ஆம் திகதி நீங்கள் எங்கள் பக்கம் வந்திருந்தீர்கள். மயிலிட்டியில் மீன்பிடித் துறைமுகத்தின் அடுத்த கட்ட வேலையைத் தொடக்கிவைத்தீர்கள். மண்டைதீவில் கிரிக்கெட் மைதானத்தின் கட்டுமானத்தைத் தொடக்கிவைத்தீர்கள். பிறகு கடற்படைப் படகில் கச்சதீவுக்குப் போனீர்கள். பதவியிலுள்ள ஜனாதிபதி ஒருவர் கச்சதீவில் கால் வைத்தது அதுவே முதற்தடவை. சுற்றியுள்ள கடலையும் தீவுகளையும் நிலத்தையும் இந்நாட்டு மக்களுக்காகக் காப்பது அரசின் பொறுப்பு என்ற கருத்தையும் அன்று சொன்னீர்கள்.

குருநகரில் என் வீட்டிலிருந்து அந்தச் செய்தியைக் கேட்டேன். மக்களுக்காக என்று நீங்கள் சொன்ன இடத்தில் என் மனம் வேறொரு தீவுக்குப் போய்விட்டது. அதுவும் இதே பாக்கு நீரிணையில், கச்சதீவுக்குக் கிழக்கே இருக்கிறது. அங்கே வீடுகள் இருந்தன, பள்ளிக்கூடம் இருந்தது, செபமாலை மாதா கோவில் இருந்தது. என் தாய் பிறந்ததும் அங்கேதான். குருநகருக்கு வாழ்க்கைப்பட்டு வந்தபிறகும் சாகும்வரை அவர் ‘எங்கட ஊர்’ என்று சொன்னது இரணைதீவைத்தான். அந்த ஊரைப் பற்றி உங்களிடம் பேசவே இந்த மடலை எழுதுகிறேன்.

முதலில் கச்சதீவைப் பற்றி ஒன்று சொல்லிவிடுகிறேன். அந்தத் தீவின் மேல் எனக்கு எந்தக் குறைவான எண்ணமும் இல்லை. அந்தோனியார் திருவிழாவுக்குப் பலமுறை போயிருக்கிறேன். யாழ்ப்பாணத்திலிருந்து பஸ்ஸில் குறிகட்டுவான், அங்கிருந்து படகு. போய் இறங்கினால் குடிக்க நல்ல தண்ணீர் கிடையாது, எல்லாம் கொண்டுபோக வேண்டும். மாலையில் சிலுவைப் பாதை, இரவு மணலில் படுக்கை, காலையில் திருப்பலி. இராமேஸ்வரத்துக் கரையிலிருந்து வருகிறவர்களும் எங்கள் ஆட்களும் பக்கத்துப் பக்கத்தில் முழந்தாளிட்டிருப்பார்கள். பூசை முடிந்ததும் ஒருவருக்கொருவர் வலையைப் பற்றியும் படகைப் பற்றியும் விசாரிப்பார்கள், சிலவேளை சண்டையும் பிடிப்பார்கள். போர்க்காலத்தில் நின்றுபோன அந்தத் திருவிழா மறுபடி நடக்கிறது என்பதே எங்களுக்குப் பெரிய ஆறுதல்.

ஆனால் கச்சதீவில் யாரும் குடியிருக்கவில்லை. 285 ஏக்கர் நிலம், ஒரு கோவில், கடற்படையினர், அவ்வளவுதான். அந்த நிலத்துக்காக இரண்டு அரசுகள் நூறு ஆண்டுகளாக வாதாடியிருக்கின்றன. 1921இல் இந்தியாவும் இலங்கையும் மீன்பிடி எல்லையைப் பற்றிப் பேசியபோதே கச்சதீவு இலங்கையின் பக்கம் வரும்படி கோடு போடப்பட்டது. இராமநாதபுரம் ஜமீனின் பத்திரங்களை அந்தப் பக்கம் காட்டினார்கள், போர்த்துக்கேயர், ஒல்லாந்தர் காலத்து ஆவணங்களை இந்தப் பக்கம் காட்டினார்கள். 1974இல் ஸ்ரீமாவோ பண்டாரநாயக்கவும் இந்திரா காந்தியும் கச்சதீவு இலங்கையின் பக்கம் என்று எல்லை வகுத்த உடன்படிக்கையில் ஒப்பமிட்டார்கள். 1976இல் மன்னார் வளைகுடா வரை எல்லை நீண்டது. அத்தோடு முடிந்த கதை என்று நினைத்தால், 2024 இந்தியத் தேர்தலில் அது மேடையேறியது. 2025 ஏப்ரலில் தமிழ்நாட்டுச் சட்டமன்றம் கச்சதீவை மீட்கக் கோரித் தீர்மானம் போட்டது. நீங்கள் அங்கே போனதை அதற்கான மறுமொழியாகத்தான் எல்லோரும் பார்த்தார்கள்.

அந்தத் தீவு நெடுந்தீவுப் பிரதேச செயலகப் பிரிவைச் சேர்ந்தது, இலங்கையினுடையது. எனக்கு அதில் ஐயமில்லை. எனக்குள்ள கேள்வி வேறு. ஆள் குடியிருக்காத ஒரு தீவு எங்களுடையது என்று நிலைநாட்ட இவ்வளவு அக்கறை எடுக்கும் அரசு, ஆட்கள் தலைமுறை தலைமுறையாகக் குடியிருந்த தீவை அந்த ஆட்களிடம் முழுமையாகக் கொடுக்க ஏன் இத்தனை காலம் எடுக்கிறது?

இரணைதீவு கிளிநொச்சி மாவட்டத்தில் பூநகரிப் பிரிவில் இருக்கிறது. யாழ்ப்பாணத்திலிருந்து சங்குப்பிட்டிப் பாலத்தைக் கடந்து, பூநகரி தாண்டி, மன்னார் வீதியில் முழங்காவிலுக்கு வந்து கடற்கரைப் பக்கம் திரும்பினால் இரணைமாதா நகர். அங்கிருந்து படகில் போக வேண்டும். பெருந்தீவும் சிறுதீவுமாக இரண்டு துண்டு நிலம். தென்னை உண்டு, நன்னீர்க் கிணறுகள் உண்டு. சுற்றிவர ஆழம் குறைந்த கடல் என்பதால் வற்றுக்கடலில் பெண்கள் இறங்கி நடந்தே கடலட்டையும் நண்டும் எடுப்பார்கள். படகும் இயந்திரமும் இல்லாத கைம்பெண் ஒருத்தி கையால் பிழைக்கக் கூடிய கடல் அது. போருக்குப் பிறகு வடக்கில் எத்தனை குடும்பங்களைப் பெண்கள் தனியாகச் சுமக்கிறார்கள் என்பது உங்களுக்குத் தெரியும். அந்தப் பெண்களுக்கு இப்படியொரு கடல் என்ன மதிப்புடையது என்று எண்ணிப் பாருங்கள்.

1992இல் போர் அவர்களை அங்கிருந்து கிளப்பியது. வள்ளங்களில் ஏறி எதிர்க்கரைக்கு வந்தார்கள். ஒரு கிழமையில் திரும்பிவிடலாம் என்று கோழிகளைத் திறந்துவிட்டு வந்தவர்கள் என் மாமி வீட்டார். ஒதுங்கிய கரைதான் பின்னர் இரணைமாதா நகர் ஆயிற்று. அங்கேயும் நிம்மதி கிடைக்கவில்லை. 2008இல் போர் அந்தக் கரைக்கும் வந்தது. வன்னி முழுவதும் நகர்ந்த சனத்தோடு அவர்களும் நகர்ந்தார்கள், முள்ளிவாய்க்கால்வரை போனவர்கள் இருக்கிறார்கள், செட்டிகுளம் முகாமில் கிடந்தவர்கள் இருக்கிறார்கள். போர் முடிந்து இரணைமாதா நகருக்குத் திரும்பியபோது, எதிரே தெரிந்த சொந்தத் தீவில் கடற்படை இருந்தது.

2009க்குப் பிறகு ஒவ்வொரு அலுவலகமாக ஏறி இறங்கினார்கள். மனுக் கொடுத்தார்கள். 2017 மே 1ஆம் திகதி இரணைமாதா நகரில் கூடாரம் போட்டுத் தொடர் போராட்டத்தைத் தொடங்கினார்கள். ஏறக்குறைய ஓர் ஆண்டு அது நடந்தது. பெரும்பாலும் பெண்கள்தான் முன்னுக்கு இருந்தார்கள். நான் போய்ப் பார்த்த நாள்களில் ஒரு பக்கம் செபம் நடக்கும், மறுபக்கம் வலைக்கு ஈயம் கோப்பார்கள், நடுவில் பிள்ளைகள் பாடம் எழுதுவார்கள். அதிகாரிகள் வந்தார்கள், கேட்டார்கள், போனார்கள். கடைசியில் 2018 ஏப்ரல் 23ஆம் திகதி அவர்களே படகுகளை எடுத்தார்கள். வெள்ளைக் கொடி கட்டிக்கொண்டு, ஆணும் பெண்ணும் குழந்தையும் கிழவியும், யாரிடமும் அனுமதி கேட்காமல் தங்கள் ஊருக்குப் போய் இறங்கினார்கள். முதலில் கோவிலுக்குப் போனார்கள். பிறகு திரும்ப மாட்டோம் என்று அங்கேயே அடுப்பு மூட்டினார்கள். மே மாதத்தில் அரசு மீள்குடியேற்றத்துக்கு ஒப்புக்கொண்டது.

ஐயா, இந்த நாட்டின் போருக்குப் பிந்திய வரலாற்றில் இதைப் போல் அமைதியான, நேர்மையான, துணிச்சலான செயல் எனக்கு வேறு நினைவுக்கு வரவில்லை. ஒரு கல்லும் எறியப்படவில்லை. கடற்படையினரும் அன்று அவர்களைத் தடுக்கவில்லை, அதையும் நன்றியோடு சொல்கிறேன்.

பின்னர் நானும் என் உறவினரோடு அங்கே போனேன். கூரை இல்லாத சுவர்கள், சுவர்களுக்குள்ளே வளர்ந்த மரங்கள். பாதை எது, முற்றம் எது என்று தெரியாதபடி பற்றை. என் மாமாவின் வளவை அடையாளம் காண நெடுநேரம் எடுத்தது. கிணற்றைக் கண்ட பிறகே நிச்சயமாயிற்று. கிணற்றுக் கட்டில் பாசியைச் சுரண்டியபோது 1968 என்ற எண் வெளிவந்தது. சீமெந்து ஈரமாக இருந்தபோது மாமா விரலால் எழுதியது, எட்டு மட்டும் ஒரு பக்கம் சரிந்திருக்கும். மாமாவின் மகள் அந்த எட்டின்மேல் கையை வைத்துக்கொண்டு நீண்ட நேரம் எழும்பவில்லை. கச்சதீவு உடன்படிக்கைக்கு ஆறு வயது மூத்த கிணறு அது.

அந்த வளவுக்குக் காணி உறுதி எங்கே என்று கேட்டால் அவளிடம் பதில் இல்லை. உறுதி வைத்திருந்த தகரப்பெட்டி முதல் இடப்பெயர்வில் தப்பியது, கடைசி இடப்பெயர்வில் தப்பவில்லை. இது அவள் ஒருத்தியின் கதையல்ல. வடக்கில் எந்தக் கிராமத்தில் கேட்டாலும் ஒரு பெட்டியின் கதை, ஒரு பையின் கதை, பதுங்கு குழியில் விட்டுவந்த கடதாசிக் கட்டின் கதை உண்டு. இதைத் தெரிந்துகொண்டும் உங்கள் அரசு 2025 மார்ச் 28ஆம் திகதி வர்த்தமானி அறிவித்தல் ஒன்றை வெளியிட்டது. யாழ்ப்பாணம், கிளிநொச்சி, முல்லைத்தீவு, மன்னார் மாவட்டங்களில் 5,900 ஏக்கருக்கு மேற்பட்ட நிலத்துக்கு மூன்று மாதங்களுக்குள் உரிமையை நிரூபிக்கச் சொன்னது. நிரூபிக்காவிட்டால் அரச காணியாகிவிடக் கூடும் என்ற அச்சம் ஊரூராகப் பரவியது. வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைக்குத் தொலைபேசி எடுத்து, அப்புவின் பெயரில் ஏதாவது துண்டு இருக்கிறதா என்று தேடச் சொன்ன வீடுகளை நான் அறிவேன். உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது, அரசும் அறிவித்தலை மீளப்பெற்றது. நல்லது. ஆனால் ஒரு தீவின் உரிமையைக் காட்ட அரசுகளுக்கு நூற்றாண்டுகள் தேவைப்படுகின்றன, ஆவணக் காப்பகங்களும் வழக்கறிஞர்களும் தேவைப்படுகிறார்கள். எல்லாவற்றையும் நெருப்பில் இழந்த ஒரு கிழவிக்கு மூன்று மாதம் போதும் என்று எப்படி எண்ணினீர்கள்?

இரணைதீவுக்கு வருகிறேன். 2018க்குப் பிறகு எல்லாம் சரியாகிவிட்டது என்று கொழும்பில் பலர் நினைக்கிறார்கள். படகு எடுத்துப் போகலாம், வாடி என்னும் மீனவர் குடிசை போட்டுத் தொழில் செய்யலாம், உண்மைதான். குடியிருப்பது வேறு காரியம். பிள்ளைகளின் படிப்பு இக்கரையில் நடக்கிறது. ஆகவே தாய் இக்கரையில், தகப்பன் அக்கரையில் என்று ஒரு குடும்பம் இரண்டு அடுப்பு மூட்டுகிறது. கிழமை முடிவில் பிள்ளையை ஏற்றிக்கொண்டு போவார்கள், ஞாயிறு மாலை திரும்பக் கொண்டுவருவார்கள். காற்றுக் காலத்தில் அதுவும் இல்லை. இரவில் ஒருவருக்கு வலி கண்டால் படகும் எரிபொருளும் ஓட்ட ஆளும் தேட வேண்டும். கர்ப்பிணி ஒருத்தி எந்தத் துணிவில் அங்கே தங்குவாள்? பள்ளியும் மருந்தகமும் நாளாந்தப் படகும் இல்லாத இடத்தை மீள்குடியேற்றம் முடிந்த இடம் என்று எந்தப் பதிவேட்டில் எழுதினாலும் அது பொய்ப் பதிவுதான்.

அரசின் கண்ணில் அந்தத் தீவு என்னவாக இருக்கிறது என்பது 2021இல் வெளிப்பட்டது. கொரோனாவால் இறந்த முஸ்லிம்களின் உடல்களை எரித்தே ஆக வேண்டும் என்று அப்போதைய அரசு பிடிவாதமாக நின்றது. அந்தக் கொடுமை எங்கள் யாருக்கும் மறக்காது. உலகம் கேள்வி கேட்டபிறகு அடக்கம் செய்ய இணங்கியது. மார்ச் 2ஆம் திகதி, அடக்கம் செய்யும் இடம் இரணைதீவு என்று அறிவித்தது. இறந்தவர்களின் குடும்பத்தார் கடல் கடந்து போய்க் கண்ணீர் விட வேண்டும். இருக்கிறவர்களோ மூன்று ஆண்டுக்கு முன்னர்தான் வந்து கிணறு இறைத்தவர்கள். இரண்டு துன்பப்பட்ட சனங்களை ஒன்றுக்கெதிராக ஒன்று நிறுத்தும் முடிவு அது. மறுநாளே இரணைதீவு மக்கள் வீதியில் இறங்கினார்கள், முஸ்லிம் மக்களும் அந்த இடத்தை ஏற்கவில்லை. கடைசியில் மட்டக்களப்பு மாவட்டத்து ஓட்டமாவடியில் அடக்கம் நடந்தது. கொழும்பில் வரைபடத்தைப் பார்த்து அந்த முடிவை எடுத்தவர்களுக்கு அது வெறுந்தீவாகத் தெரிந்திருக்க வேண்டும். உறுதியோடும் எல்லைக்கல்லோடும் பள்ளிக்கூட மணியோடும் அங்கே ஓர் ஊர் இருந்திருந்தால் யாருக்கும் அந்த எண்ணம் வந்திருக்காது.

இது உங்கள் அரசு செய்ததல்ல. முன்னவர்களின் கணக்கை உங்கள் தலையில் கட்ட நான் வரவில்லை. 2025 ஏப்ரலில், இராணுவம் மூடிவைத்திருந்த வசாவிளான் – பலாலி வீதியை முப்பத்து நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு திறந்தபோது நானும் போய் அந்த வீதியில் நடந்தேன். மயிலிட்டிச் சனம் 1990இல் விட்டுப்போன துறைமுகம் 2017இல் கையளிக்கப்பட்டு, இப்போது வளர்ச்சி பெறுவதையும் பார்க்கிறேன். ஆனால் மயிலிட்டியில் துறைமுகத்துக்குப் பக்கத்திலேயே சொந்தக் காணிக்குள் போக முடியாதவர்கள் இன்னும் இருக்கிறார்கள். மண்டைதீவில் 1990 ஆவணியில் இராணுவம் இறங்கியபின் காணாமற்போனவர்களின் உறவினர் இன்னும் விடை கேட்கிறார்கள். மைதானம் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, எங்கள் பிள்ளைகள் விளையாடட்டும். மைதானத்துக்கு மண் அளந்த அதே அரசு, அந்த உறவினருக்கும் ஒரு மறுமொழி சொல்லக் கடமைப்பட்டது.

கடலைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் தீவைத் தந்து கடலை விட்டுவிட்டால் அங்கே யாரும் தங்க முடியாது. இந்திய இழுவைப் படகுகள் கடலின் அடியை வாரிக்கொண்டு போகின்றன. எங்களவர் நண்டு வலை போட்டுவிட்டு வந்தால் காலையில் மிதவையும் இருக்காது, வலையும் இருக்காது. ஒரு தொகுதி வலை போனால் அந்தக் குடும்பம் மறுபடி கடனில்தான் தொடங்க வேண்டும். 2017இல் இழுவைமடித் தொழிலைத் தடைசெய்து நாடாளுமன்றம் சட்டம் இயற்றியது. நம் பக்கத்திலும் அந்தச் சட்டம் முழுமையாக நடைமுறைக்கு வரட்டும், அப்போதுதான் மற்றப் பக்கத்திடம் உரிமையோடு பேசலாம்.

தமிழ்நாட்டு உறவுகளுக்கும் இந்த மடலிலேயே ஒரு சொல். கச்சதீவை மீட்டால் மீனவர் துன்பம் தீரும் என்று உங்களுக்குச் சொல்லப்படுகிறது. அந்தத் தீவு யாருடைய வரைபடத்தில் இருந்தாலும், இழுவைமடி அரித்த அடிக்கடலில் மீன் முட்டையிடாது. போர்க்காலத்தில் எங்கள் அகதிகளுக்கு மண்டபம் முகாமில் இடம் தந்தவர்கள் நீங்கள். எங்களுக்காக அழுதவர்கள் நீங்கள். அதே எங்கள் வலைகளை உங்கள் கரையிலிருந்து வரும் படகுகள் அறுப்பதைப் பற்றியும் உங்கள் மேடைகளில் பேசுங்கள். இரு கரைத் தொழிலாளரும் நேரே அமர்ந்து பேசும் மேசை மீண்டும் மீண்டும் போடப்பட வேண்டும், அதில் படகும் வலையும் வைத்திருக்கும் சம்மாட்டிமார் மட்டும் அமராமல் கூலிக்கு வலை இழுப்பவரும் அமர வேண்டும்.

ஜனாதிபதி அவர்களே, நான் கேட்பது இதுதான். நில அளவையாளர்களை இரணைதீவுக்கு அனுப்புங்கள். அவர்களோடு ஊரின் மூத்தவர்களை நடக்க விடுங்கள், எந்த வளவு யாருடையது, எந்தப் பாதை எங்கே போனது என்பதை அவர்கள் காட்டுவார்கள். பக்கத்து வளவுக்காரரின் சாட்சியையும் கிணற்றையும் தென்னை வரிசையையும் ஆதாரமாக ஏற்கும் ஒரு நடைமுறையை வகுத்து, அதன்படி உறுதி எழுதிக் கொடுங்கள். கணவனை இழந்தவளுக்கும் கணவன் காணாமற்போனவளுக்கும் அவளுடைய பெயரிலேயே கொடுங்கள், மரணச் சான்றிதழ் கொண்டு வா என்று அவளை அலைக்காதீர்கள். கடற்படைக்கு அங்கே இடம் வேண்டுமானால் அது எத்தனை ஏக்கர், எங்கிருந்து எங்குவரை என்று வரைபடத்தில் காட்டி ஊரோடு பேசுங்கள். கரையைக் காவல் செய்ய வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. தொடக்க வகுப்புகளையாவது முதலில் திறவுங்கள். பத்துப் பிள்ளைகள் இருந்தாலும் திறவுங்கள், பள்ளி திறந்தால்தான் மிச்சப் பிள்ளைகள் வருவார்கள். பிள்ளைகள் வந்தபிறகு பள்ளி தருகிறோம் என்று அலுவலகங்களில் சொல்வதைக் கேட்டுக் கேட்டுச் சலித்துவிட்டோம். பஸ்ஸுக்கு நேர அட்டவணை இருப்பதுபோல் ஒரு படகுக்கும் அட்டவணை போடுங்கள், அது ஓடுவதற்கு இறங்குதுறையைச் செப்பனிடுங்கள்.

கச்சதீவுக்குப் போனதுபோல் இரணைதீவுக்கும் நீங்கள் நேரில் போக வேண்டும். திருவிழா நாளில் வேண்டாம், அன்று எல்லோரும் அங்கே இருப்பார்கள், ஊர் நிறைந்திருப்பதுபோல் தெரியும். பள்ளி நாள் ஒன்றில் போங்கள். இரணைமாதா நகரில் ஊர்ப் படகு ஒன்றில் ஏறுங்கள், காணி அமைச்சின் அதிகாரியையும் கூட அழைத்துக்கொள்ளுங்கள். 1992இல் குடும்பத் தலைவர்களாக இருந்தவர்கள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள். எல்லை காட்டத் தெரிந்தவர்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அவர்கள் நடக்கக்கூடிய இந்த ஆண்டிலேயே போங்கள்.

இப்படிக்கு,
இரணைதீவுத் தாய் ஒருத்தியின் மகள்,
ஓய்வுபெற்ற ஆசிரியை,
குருநகர், யாழ்ப்பாணம்.